பச்சைச் சட்டை கோல்கீப்பர்

அந்த வீட்டின் முன்னறையில் எங்கே திரும்பினாலும் சிரிப்புதான். அலமாரியில் சிரிப்பு, ஜன்னல் திட்டில் சிரிப்பு, மேசை மேல் ஈரம் காயாத சிரிப்பு. எல்லாம் பிளாஸ்டரில் வார்த்தெடுத்த தாடைகள், அவற்றில் பொருத்தக் காத்திருக்கும் பல்செட்டுகள். அவற்றைச் செய்கிற மனிதர் மட்டும் நடுவே ஒரு முக்காலியில், சிரித்து வெகு நாளான முகத்தோடு உட்கார்ந்திருந்தார்.

"என் கோல்கீப்பரைக் காணோம்," என்றார்.

துப்பறிவாளர் மூக்கர் தன் மூக்கைத் தடவிக்கொண்டார். மோப்ப சக்தியால் வந்த பெயர் அது என்பது அவருடைய கட்சி. ஊர் சொன்ன காரணம் வேறு, அதை அவருடைய நிழலைப் பார்த்தாலே புரிந்துகொள்ளலாம். காணாமல்போன நகை, நாய், சொல்லாமல் கிளம்பிப்போன கணவன் என்று எத்தனையோ தேடியிருக்கிறார். கோல்கீப்பரைத் தேடச் சொல்லி வந்த முதல் ஆள் இந்தப் பல்செட்காரர்தான்.

"எந்த டீம் சார்?" என்று கேட்டாள் அவருடைய உதவியாளர். அவளுக்கு ரேடியோ என்று பெயர். நிறுத்துவதற்கு ஸ்விட்ச் கிடையாது.

"டீம் இல்லம்மா. டிவிக்குள்ள இருந்தா."

"இருந்தாளா? கோல்கீப்பர் பொம்பளையா?"

"என் வீட்டுக்காரி செஞ்ச ஆளு. அவளே பேரு வெச்சா, 'பூட்டு'ன்னு. அவ போயி ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. இப்போ பூட்டும் போயிடுச்சு."

ரேடியோ வாயைத் திறந்து, திரும்ப மூடிக்கொண்டாள். அது அபூர்வமாக நடக்கிற காரியம்.

பல்செட்காரர் உள்ளறைக்கு அழைத்துப்போனார். டிவி ஓடிக்கொண்டிருந்தது, யாரும் பார்க்கவில்லை. வீட்டில் ஏதாவது ஒரு குரல் கேட்கட்டும் என்று போட்டு வைத்த டிவி. மூக்கருக்கு அதைப் பார்த்ததும் புரிந்துவிட்டது. அவர் வீட்டிலும் டிவி அப்படித்தான் ஓடும். தனியாக இருக்கிறவர்களின் வீட்டை இன்னொரு தனி ஆள் வாசலிலேயே கண்டுபிடித்துவிடுவான், அதற்குத் துப்பறிகிற மூளை வேண்டியதில்லை.

டிவிக்கு எதிரே ஒரு நீளமான சோபா. அதன் வலது பக்கம் பல்செட்காரர் உட்கார்ந்து உட்கார்ந்து பள்ளமாகியிருந்தது. இடது பக்கக் கைப்பிடியின் மேல் ஒரு சின்னத் தலையணை, உறை மாற்றாமல், யாரோ இப்போதுதான் எழுந்துபோன மாதிரி கிடந்தது. டிவிக்குக் கீழே கேம் பெட்டி.

"கால்பந்து கேம் சார். வருஷா வருஷம் புதுசு விடுவான்," என்று ரேடியோ விளக்க ஆரம்பித்தாள். மூக்கருக்கு இதிலெல்லாம் ஞானம் பூஜ்யம். "நாமளே ஒரு ஆட்டக்காரரைச் செஞ்சுக்கலாம். ஆட ஆடத் திறமை ஏறும். காசு குடுத்துச் சட்டை, பூட்ஸ், கையுறைன்னு வாங்கிப் போடலாம். அடுத்த வருஷம் புதுப் பதிப்பு வந்ததும், பழைய ஆளைச் சேத்து வெச்ச திறமையோட, வாங்கின சாமானோட அதுக்குக் கூட்டிட்டுப் போகலாம். ஆனா ஒரு தடவை போனா போனதுதான், பழசுல இருக்காது. நடுவுல ஒரு வருஷத்தைத் தவறவிட்டா எல்லாம் போச்சு. கிட்டத்தட்ட வாடகை வீடு மாதிரி, வருஷா வருஷம் சட்டி பானையைத் தூக்கிக்கிட்டு ஓடணும்."

"நான் தூக்கிட்டு ஓடல," என்றார் பல்செட்காரர். "பழசுலயே இருந்துட்டேன். அதுலதான் எங்க ஆட்டம் பாதியில நிக்குது."

அவர் கன்ட்ரோலரை எடுத்து அமுக்கினார். திரையில் ஒரு பெட்டி திறந்தது. 'ஆட்டத்தைத் தொடர முடியாது. பூட்டு புதிய பதிப்புக்குச் சென்றுவிட்டார்.'

கொஞ்சம் கொஞ்சமாக விஷயம் வந்தது. கடைசி ராத்திரி இருவரும் ஆடினார்கள். சமநிலை. அவருக்கு ஒரு பெனால்டி கிடைத்தது. அடிக்கப்போகும்போது மனைவி, அசதியாக இருக்கிறது, நாளைக்கு அடிங்க என்று நிறுத்திவிட்டார். மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போனவர், திரும்பி வரவில்லை.

"அதுக்கப்புறம் தினமும் அந்த ஆட்டத்தைத் திறப்பேன். பந்து அந்தப் புள்ளியில இருக்கும். பூட்டு அந்தப் பச்சைச் சட்டையோட கோல்ல நிக்கும். கொஞ்ச நேரம் பாத்துட்டு மூடிருவேன்."

"அடிக்கவே இல்லையா?" என்றார் மூக்கர்.

"அடிச்சா ஆட்டம் முடிஞ்சிடும் சார்."



"கம்பெனிக்குப் பேசினீங்களா?" என்று கேட்டாள் ரேடியோ.

"பேசினேன். அக்கவுண்ட் யார் பேர்ல இருக்கோ அவங்களைப் பேசச் சொல்லுங்கன்னு சொன்னான். நானும் அதைத்தான் ஒரு வருஷமா கேட்டுக்கிட்டிருக்கேன்னு சொன்னேன். புரியலைன்னு வெச்சுட்டான்."

"யார் மேலயாவது சந்தேகம்?"

பல்செட்காரர் யோசிக்கவே இல்லை. "என் மச்சினன். அவ தம்பி. செல்ஃபோன் ரிப்பேர் கடை வெச்சிருக்கான். எல்லார் பாஸ்வேர்டும் அவனுக்கு அத்துப்படி."

"மச்சினன் எடுத்தா அது திருட்டு இல்ல சார், உரிமை," என்றாள் ரேடியோ.

மூக்கர் அங்கேயே மச்சினனுக்குப் போன் போட்டு, எல்லாருக்கும் கேட்கும்படி மேசை மேல் வைத்தார்.

"நானா?" என்று போன் அலறியது. "நான் எடுத்திருந்தா அந்த வாந்தி கலர் சட்டையை முதல்ல கழட்டியிருப்பேன் சார். அந்தச் சட்டைக்காகவே அக்காகிட்ட எத்தனை சண்டை! அப்புறம் அந்தக் கையுறை. இப்போ எங்கயும் கிடைக்காத மாடல் அது. கேமுக்குள்ளேயே சந்தை இருக்கு, போட்ட நிமிஷம் கொத்திட்டுப் போயிடுவானுங்க. ஆமா, மாமா பக்கத்துல இருக்காரா? மாமா, ஒரு முக்கியமான விஷயம், நாலு நாளா கூப்பிடுறேன், எடுக்கவே மாட்டேங்கறீங்க..."

பல்செட்காரர் கை நீட்டி போனை அணைத்துவிட்டார். "பேச ஆரம்பிச்சான்னா அழுவான். எனக்கு முடியாது."

ரேடியோ இதற்குள் தன் லேப்டாப்பைச் சோபாவில் விரித்து, புதுப் பதிப்புக்குள் நுழைந்து தேடிக்கொண்டிருந்தாள். "கிடைச்சாச்சு! ஆள் எங்கயும் ஒளியல சார். அதே பேரு. அதே சட்டை. வாந்தின்னு சொன்னது தப்பு, வாந்தி இவ்வளவு பச்சையா இருக்காது. மன்னிச்சுக்கங்க சார்."

"பரவால்லம்மா. நானும் அதைத்தான் சொல்லுவேன். அவ கேக்க மாட்டா."

"கையுறை?" என்றார் மூக்கர்.

"மாட்டியிருக்கு. ஒண்ணையும் விக்கல, ஒண்ணையும் மாத்தல."

"திருடின பொருளை விக்கவும் இல்ல, சாயம் மாத்தி ஒளிக்கவும் இல்ல. இவன் என்ன திருடன்?"

"சோம்பேறித் திருடன் சார். நம்ம நாட்டு... சரி, எந்த நாட்டுலயும் உண்டு."

புதுப் பதிப்பில் யாருடைய ஆட்டத்தையும் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். மூவரும் பார்க்க உட்கார்ந்தார்கள். சோபாவில் பல்செட்காரர் தன் பள்ளத்தில், ரேடியோ நடுவில். தலையணை இருந்த பக்கத்தில் யாரும் உட்காரக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை, ஆனாலும் மூக்கர் அதை விட்டுவிட்டுத் தரையில் சம்மணம் போட்டுக்கொண்டார்.

பூட்டு நன்றாக ஆடியது. வலப்பக்கம் பாய்ந்தது, காலால் தடுத்தது, நெஞ்சோடு அணைத்துக்கொண்டது. நாலைந்து ஆட்டம் பார்த்த பிறகு மூக்கருக்கு மூக்கில் வேர்த்தது.

"ரேடியோ, மத்த கோல்கீப்பரெல்லாம் பந்தைப் பிடிச்சதும் அந்தக் கோடிக்கு உதைக்கிறான். இது மட்டும் ஏன் கீழே வெச்சு உருட்டியே விடுது?"

ரேடியோ நிமிர்ந்தாள். "கரெக்ட் சார். ஒரு தடவை கூட உதைக்கல. தூரமா உதைக்கணும்னா இடது கட்டைவிரலால குறி பாத்து, வலது கையால பட்டனை அமுக்கணும். ரெண்டு கையும் வேணும். உருட்டுறதுக்கு ஒரு கை போதும்."

"அவளும் அப்படித்தான் ஆடுவா," என்றார் பல்செட்காரர் மெதுவாக. "இடது கையைத் தூக்கவே மாட்டா. அந்தத் தலகாணி மேல வெச்சுக்குவா. முன்னாடியெல்லாம் அவ முன்வரிசையில நின்னு பறப்பா சார். கை அப்படி ஆனப்புறம்தான், ஓடாம நிக்கிற ஆளா ஆகிக்கிறேன்னு கோல்கீப்பரைச் செஞ்சா."

"கைக்கு என்ன?"

"டயாலிசிஸ். சிறுநீரகம் போயிடுச்சு. அந்தக் கையிலதான் ஊசி குத்துவாங்க."

"ஆக, ஒத்தைக் கைத் திருடன்," என்றாள் ரேடியோ. "நல்லதாப் போச்சு. ஒரு கைவிலங்கு மிச்சம்."

மூக்கர் சிரிக்கவில்லை. "எந்தெந்த நாள்ல ஆடியிருக்குன்னு பாரு."

அவள் திரையை மேலும் கீழும் தள்ளினாள். "திங்கள், புதன், வெள்ளி. திரும்ப திங்கள், புதன், வெள்ளி. ஒரு மாசமா மாறவே இல்ல. லீவு நாள்ல கூட ஆடியிருக்கு. போன செவ்வாய்க்கிழமை மழையில ஊரே போர்வைக்குள்ள கிடந்துச்சே, அன்னிக்கு ஆடல. கேம் ஆடுறவன் இவ்வளவு ஒழுக்கமா இருந்து நான் பாத்ததில்ல சார்."

"உங்க மனைவிக்கு எந்தெந்த நாள்?"

பல்செட்காரர் எழுந்து நின்றுவிட்டார்.

"திங்கள், புதன், வெள்ளி," என்றார். பிறகு, ஒரு பெரிய மனிதர் கேட்கக் கூடாத கேள்வியை, ரொம்பச் சின்னக் குரலில் கேட்டார். "அவளா சார்?"

அந்தக் கேள்விக்கு என்ன பதில் என்று அவருக்கும் தெரியும். தெரிந்தும் கேட்டார்.

"இல்ல சார். ஆனா அவங்க பக்கத்துல உக்காந்திருந்த யாரோ. அந்த டயாலிசிஸ் அறையில டிவி இருக்கா?"

"தெரியாது."

"கேம் பெட்டி?"

"தெரியாது."

"பக்கத்து நாற்காலியில யாரு வருவாங்க?"

"தெரியாது சார்!" என்று வெடித்தார். "நாலு வருஷம் கூட்டிட்டுப் போனேன். ஒரு நாள் கூட உள்ள போனதில்ல. வாசல்ல விட்டுட்டுத் திரும்பிடுவேன். ரத்தம் குழாய்ல ஓடுறதைப் பாத்தா எனக்குக் கால் நிக்காது. வாய்க்குள்ள வேலை செய்யிறவனுக்கு ரத்தமான்னு கேப்பீங்க. எனக்கு வர்றது அச்சு மட்டும்தான். மத்ததெல்லாம் டாக்டர் பாத்துக்குவாரு."

முன்னறை அலமாரியில் பற்கள் இளித்துக்கொண்டிருந்தன.

"இன்னிக்குப் புதன்," என்றார் மூக்கர்.

*

ஆஸ்பத்திரி வாசலில் ஒரு சிமென்ட் தூண். அதன் பக்கத்தில் வந்ததும் பல்செட்காரரின் கால் தானாக நின்றது. நாலு வருஷப் பழக்கம்.

"நீங்க போய்ட்டு வாங்க," என்றார்.

மூக்கரும் ரேடியோவும் உள்ளே போனார்கள். மருந்து நெடியடிக்கிற நீண்ட அறை. வரிசையாகச் சாய்வு நாற்காலிகள், ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஒரு மெஷின், ஒவ்வொரு மெஷினிலும் மெதுவாகச் சுற்றுகிற ஒரு சக்கரம். படுத்திருந்தவர்களில் பாதிப்பேர் தூங்கினார்கள், மீதிப்பேர் கூரையைப் பார்த்தார்கள். பக்கத்துப் பக்கத்தில் இருந்தும் ஒவ்வொருவரும் தனித்தனியாக எங்கோ கிடந்தார்கள்.

"சத்தம் போட்டா உங்களுக்கும் ஒரு மெஷின் மாட்டி விட்டுருவேன்," என்று ரேடியோவை எச்சரித்தார் நர்ஸ். எப்படித்தான் கண்டுபிடிப்பார்களோ.

கடைசி நாற்காலிக்கு எதிரே சுவரில் ஒரு டிவி. அதில் பச்சைச் சட்டை பாய்ந்துகொண்டிருந்தது.

நாற்காலியில் ஆஜானுபாகுவான ஒரு பெண்மணி. நரைத்த தலை, அகன்ற தோள். இடது கை அசையாமல் பலகை மேல் நீண்டிருந்தது, அதிலிருந்து இரண்டு சிவப்புக் குழாய்கள் மெஷினுக்குப் போயின. வலது கையில் கன்ட்ரோலர். துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர், எல்லாரும் கிரேன் அம்மா என்றுதான் கூப்பிடுவார்கள் என்று நர்ஸ் சொன்னார்.

மூக்கர் தன்னை அறிமுகம் செய்துகொள்வதற்கு முன்பே அந்த அம்மா ஆட்டத்தை நிறுத்தினார். வந்தவர்களை ஏற இறங்கப் பார்த்தார்.

"பூட்டைத் தேடித்தானே வந்திருக்கீங்க? இவ்வளவு நாள் ஆச்சேன்னு நானே நெனச்சேன். அவரு எங்க? தூண் பக்கத்துல நிக்கிறாரா?"

பன்னிரண்டு பொய்யைப் பன்னிரண்டு விதமாக உடைக்கத் தெரிந்த மூக்கருக்கு, பொய்யே சொல்லாத ஆளிடம் என்ன கேட்பது என்று தெரியவில்லை.

"நீங்கதான் எடுத்தீங்களா?"

"எடுத்தேன்னா? அவ இந்தப் பக்கத்து நாற்காலி. நாலு வருஷம். இந்தப் பெட்டியிலயும் அவ அக்கவுண்டைப் போட்டுத்தான் ஆடுவா, அது இன்னும் இதுலயே இருக்கு. எனக்கு ஒரு கையால எப்படி ஆடுறதுன்னு அவதான் சொல்லிக் குடுத்தா. அவ போனப்புறம் நான் அந்தப் பக்கமே போகல. ஒரு மாசத்துக்கு முன்னாடி ஆஸ்பத்திரியில புதுசு வாங்கிப் போட்டாங்க. போட்டதும் அது என்னைக் கேட்டுச்சு. 'பழைய பதிப்பில் பூட்டு இருக்கிறார், அழைத்து வரலாமா?'ன்னு." கிரேன் அம்மா குரலை இறக்கினார். "நீங்களா இருந்தா என்ன சொல்லுவீங்க? வேணாம், அங்கயே கிடக்கட்டும்னு சொல்லுவீங்களா?"

"அவர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே அம்மா," என்றார் மூக்கர். குரலில் அவருக்கே அவ்வளவாக உறுதியில்லை.

"எங்க போய்க் கேக்கிறது? அவரு உள்ள வந்தாத்தானே. அது மட்டுமில்ல. பழைய பதிப்பைக் கம்பெனிக்காரன் இன்னிக்குச் சாயங்காலத்தோட இழுத்து மூடுறான். தெரியுமில்ல? உள்ள இருக்கிற ஆளு, சட்டை, சாமான் எல்லாம் அழிஞ்சிரும். பழசைத் திறக்கும்போதெல்லாம் எச்சரிக்கை வருதுன்னுதானே இங்க புதுசே வாங்கினாங்க."

மூக்கரும் ரேடியோவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்த மச்சினன் நாலு நாளாய்ச் சொல்லத் துடித்த முக்கியமான விஷயம் இதுதான். எடுக்கப்படாத போனிலேயே அது மாட்டிக்கொண்டு கிடந்திருக்கிறது.

"சார்," என்றாள் ரேடியோ. "திருடு போகாம இருந்திருந்தாத்தான் தொலைஞ்சிருக்கும்."

"போய் அவரைக் கூட்டிட்டு வா."

ரேடியோ வாசலுக்குப் போனாள். அங்கே அவள் என்ன சொன்னாள் என்பதை மூக்கர் பின்னால் எத்தனையோ முறை கேட்டும் சொல்லவில்லை. வேடிக்கையாக எதுவும் சொல்லியிருக்க மாட்டாள் என்பது மட்டும் நிச்சயம். கொஞ்ச நேரம் கழித்து, அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, தரையை மட்டுமே பார்த்தபடி பல்செட்காரர் வந்தார். மெஷின்களின் சத்தம் கேட்கிற ஒவ்வொரு இடத்திலும் அவருடைய விரல்கள் இறுகின.

"உக்காருங்க தம்பி," என்றார் கிரேன் அம்மா. "அது அவ நாற்காலிதான். இந்த நேரத்துக்கு ஆளில்ல."

அவர் உட்கார்ந்தார். ரொம்ப நேரம் தன் முழங்காலையே பார்த்தார். பிறகு, பல்லைக் கடித்துக்கொண்டு நிமிர்ந்து, அந்த அம்மாவின் கையைப் பார்த்தார். குழாயைப் பார்த்தார். சுற்றுகிற சக்கரத்தைப் பார்த்தார். நாலு வருஷம் பார்க்காமல் தப்பித்ததையெல்லாம் ஒரே மூச்சில் பார்த்து முடித்தார். மயங்கி விழவில்லை. அழுதார்.

"இவ்வளவுதானா," என்றார். "இதுக்கா நான் பயந்தேன். பக்கத்துல உக்காந்திருக்கலாமே அக்கா. சும்மா உக்காந்திருக்கலாமே."

"அவ உங்க மேல வருத்தப்பட்டதே இல்ல தம்பி. எங்க வீட்டுக்காரரு தூண் வரைக்கும்தான், அதுக்கு மேல பேட்டரி தாங்காதுன்னு சொல்லிச் சிரிப்பா."

பல்செட்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டே பாதிச் சிரிப்புச் சிரித்தார். அந்த முகத்தில் அன்றைக்கு மூக்கர் பார்த்த முதல் சிரிப்பு அது.

மூக்கர் பழைய பதிப்பு மூடப்போகிற விஷயத்தை மெதுவாக எடுத்துச் சொன்னார். திறக்கும்போதெல்லாம் ஏதோ ஒரு பெட்டி வருமே, அதைப் படித்தீர்களா என்று கேட்டார்.

"எது வந்தாலும் 'பிறகு'ன்னு அமுக்கிருவேன் சார். எனக்கு அந்தப் பெனால்டிப் புள்ளியைப் பாத்தாப் போதும்."

கிரேன் அம்மா வலது கையை நீட்டினார். அதில் கன்ட்ரோலர் இருந்தது. "இந்தாங்க. பூட்டு உங்க வீட்டு ஆளு. அக்கவுண்டும் அவ பேர்லதான் இருக்கு. எடுத்துக்கங்க. எனக்கு இங்க கொஞ்ச நேரம் துணைக்கு இருந்தா. அவ்வளவுதான்." சொல்லிவிட்டுக் கூரையைப் பார்த்துக்கொண்டார். அறையில் இருந்த மற்றவர்கள் எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்த அதே கூரை.

பல்செட்காரர் அந்தக் கன்ட்ரோலரை வாங்கவில்லை. நீட்டிய கையை மடக்கி அந்த அம்மாவின் மடியிலேயே வைத்தார்.

"என் ஆளு இன்னும் பழசுக்குள்ளயே நிக்கிறான் அக்கா," என்றார். "கடவாய்ப்பல். அதுவும் அவ வெச்ச பேருதான். ஆடாம அசையாம ஒரே இடத்துல நிப்பானாம்."

"கூட்டிட்டு வாங்களேன். இன்னும் நேரம் இருக்கு."

கேம் பெட்டியோடு இருந்த இன்னொரு கன்ட்ரோலரை ரேடியோ எடுத்துக் கொடுத்தாள். அவர் தன் அக்கவுண்டை அதில் போட்டார். திரை கேட்டது. 'பழைய பதிப்பில் கடவாய்ப்பல் இருக்கிறார். அழைத்து வரலாமா? சட்டைகளும் திறமையும் உடன் வரும். பாதியில் நிற்கும் ஆட்டங்கள் வராது.'

விரல் பட்டன் மேல் நின்றது.

"அமுக்கினா அந்தப் பெனால்டி போயிடும்ல சார்?"

மூக்கர் பொய் சொல்லியிருக்கலாம். "போயிடும்," என்றார். "அமுக்கலைன்னாலும் சாயங்காலம் போயிடும். அப்போ உங்க ஆளும் கூடப் போயிடுவான்."

வாசலில் யாரோ ஒரு நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போனார்கள். நர்ஸ் ஒரு மெஷினைத் தட்டிப் பார்த்துவிட்டு நகர்ந்தார். பல்செட்காரர் கண்ணை மூடிக்கொண்டு அமுக்கினார்.

திரையில் கடவாய்ப்பல் வந்து நின்றான். எதிரே பச்சைச் சட்டை.

"பெனால்டி மட்டும் தனியா ஆடலாம் சார்," என்றாள் ரேடியோ. குரலில் கிண்டலின் சாயலே இல்லை.

பந்து புள்ளியில் வைக்கப்பட்டது. கிரேன் அம்மா ஒரு கையால் கன்ட்ரோலரைப் பிடித்து நிமிர்ந்தார். பல்செட்காரர் எப்போதும் அடிக்கிற மாதிரி அடித்தார். இடமும் இல்லை, வலமும் இல்லை, நேராக நடுவில். எந்தப் பக்கம் என்று முடிவெடுக்கப் பயப்படுகிறவர்களின் அடி. அவர் மனைவி ஒவ்வொரு முறையும் ஏதாவது ஒரு பக்கம் பாய்வார், பந்து நடுவில் போய் வலையில் விழும். அத்தனை வருஷமும் அப்படித்தான் ஜெயித்திருக்கிறார்.

பூட்டு பாயவில்லை. நின்ற இடத்திலேயே நின்றது. வந்த பந்தைக் குழந்தையை வாங்குவது போல நெஞ்சில் வாங்கிக்கொண்டது.

பல்செட்காரருக்குக் கண் விரிந்தது, வாய் பிளந்தது. அவ்வளவு பெரிய மனிதர் பொம்மையைப் பறிகொடுத்த குழந்தை மாதிரி விழித்தார். "பாயலையே," என்றார். "பூட்டு எப்பவும் பாயுமே."

"நீங்க நடுவுலதான் அடிப்பீங்கன்னு அவளுக்கு ஆரம்பத்துலயே தெரியும் தம்பி. வேணும்னேதான் பாய்வாளாம். அந்தக் கடைசி நாள், இப்போ நீங்க உக்காந்திருக்கிற இடத்துல உக்காந்து சொன்னா. 'அக்கா, நேத்து ஒரு பெனால்டி பாக்கி வெச்சிட்டு வந்திருக்கேன். இன்னிக்கு வீட்டுக்குப் போனதும் பாயப்போறதில்ல. நின்ன இடத்துலயே நின்னு பிடிக்கப்போறேன். அவரு மூஞ்சி போற போக்கை மட்டும் பாக்கணும்'னு சொன்னா."

அதைச் சொல்லும்போது கிரேன் அம்மா திரையைப் பார்க்கவில்லை. பந்து அடிபட்ட கணத்திலிருந்தே அவர் திரையைப் பார்க்கவில்லை என்பதை மூக்கர் அப்போதுதான் கவனித்தார். குழாய் இழுக்காத அளவுக்குக் கழுத்தைத் திருப்பி, பக்கத்து நாற்காலிக்காரரின் முகத்தையே வைத்த கண் வாங்காமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பாத்துட்டேன்," என்றார். "அவ சொன்ன மாதிரியேதான் இருக்கு."